வேலி காணா வயல்கள்: லாக்ஸ்டன் என்னும் ஆங்கிலச் சிற்றூர்

ஒரு நாட்டின் வரலாற்றை அறிய விழைவோர் பெரும்பாலும் அந்நாட்டின் அரண்மனைகளையும் போர்க்களங்களையும் நாடிச் செல்வர். மன்னர் முடிசூடிய ஆண்டும் படைகள் மோதிய களமும் ஏடுகளில் இடம்பெறுவது இயல்பே. ஆயினும், மக்கள் எவ்வாறு உழுதனர், விளைந்ததை எவ்வாறு பகிர்ந்துண்டனர், அண்டை வீட்டாரோடு எழுந்த பிணக்கை எவ்வாறு தீர்த்துக்கொண்டனர் என்னும் வினாக்களுக்கு விடை கூற வல்லவை சிற்றூர்களே. அத்தகைய சிற்றூர்களுள் ஒன்றுதான் இங்கிலாந்தின் நாட்டிங்காம்ஷயர் மாவட்டத்தில் உள்ள லாக்ஸ்டன்.

இவ்வூரில் வானளாவும் கோபுரம் இல்லை. பெரும்போர் எதுவும் நடந்த புகழும் இல்லை. ஆனால், ஒரு காலத்தில் இங்கிலாந்தின் நடுப்பகுதி முழுவதும் பரவியிருந்து, பின்னர் மறைந்தொழிந்த ஓர் உழவுமுறை இவ்வூரில் மட்டும் தன் ஊர்மன்றத்தோடு இன்றளவும் உயிர்வாழ்கிறது. அது எவ்வாறு பிழைத்தது, அதனைப் பிழைக்க வைத்தவர் யாவர் என்பதே இக்கட்டுரையின் ஆய்பொருளாகும்.

நிலமும் ஊரும்

ராபின் ஹூட் கதைகளால் நாம் அறிந்த ஷெர்வுட் காட்டின் கிழக்கே, நெவார்க் நகருக்கு வடக்கே, மெல்ல ஏறி இறங்கும் குன்றுகளிடையே லாக்ஸ்டன் அமைந்துள்ளது. இங்குள்ள மண் கனத்த செங்களிமண். மழை பெய்தால் காலைப் பற்றும். வெயில் காய்ந்தால் கல்லாய் இறுகும். தனியொரு குடியானவன் தன் ஓரிணை மாட்டைக் கொண்டு எளிதில் உழுதுவிடக்கூடிய மண்ணன்று அது. பல மாடுகள் பூட்டிய கனத்த ஏர் வேண்டும்; அத்தனை மாடுகள் ஒருவனிடம் இரா; ஆகவே பலர் கூடியே உழவேண்டும். இவ்வூரின் கூட்டு வாழ்க்கைக்கு முதற்காரணம் ஊராரின் பெருந்தன்மையன்று, மண்ணின் கடுமையே எனலாம்.

இவ்வூரின் குடியிருப்பும் கூர்ந்து நோக்கத்தக்கது. இங்கிலாந்தின் பிற பகுதிகளில் உழவர் வீடுகள் அவரவர் நிலத்தின் நடுவே தனித்தனியே நிற்கக் காணலாம். லாக்ஸ்டனிலோ பழைய பண்ணை வீடுகள் யாவும் ஊர்த்தெருவின் இருமருங்கும் நெருங்கி நிற்கின்றன. செங்கல் வீடு, அதனை அடுத்துத் தானியக் களஞ்சியம், அதன் பின்னே ஒடுங்கி நீளும் கொல்லை என்பதே அமைப்பு. ஒருவருக்குரிய நிலம் ஓரிடத்தில் இராமல் ஊரின் நாற்புறமும் சிதறிக் கிடந்தமையால், எல்லாருக்கும் நடுவிடமான தெருவிலேயே எல்லாரும் குடியிருக்க நேர்ந்தது.

ஊரின் வடபால் ஒரு மண்மேடு உயர்ந்து நிற்கிறது. நார்மானியர் எழுப்பிய கோட்டையின் எச்சம் அது. அரச காடுகளைக் காக்கும் பரம்பரை உரிமை பெற்றிருந்த காவ் குடும்பத்தாரும், அவர்க்குப் பின் எவரிங்காம் குடும்பத்தாரும் அங்கிருந்து ஆண்டனர். இன்று சுவரும் இல்லை, கொத்தளமும் இல்லை. புல் மூடிய மேடும் அகழியுமே எஞ்சியுள்ளன. தூய மைக்கேல் தேவாலயத்தில் அப்பிரபுக்களின் கற்படிமங்கள் கிடக்கின்றன. அவற்றினிடையே ஓக் மரத்தில் செதுக்கப்பட்ட ஒரு பெண்மணியின் படிமமும் உண்டு. ஆண்டவர் கல்லாயும் மரமாயும் உறங்க, அவர்தம் காலத்து உழவர் கைக்கொண்ட முறை மட்டும் வயலில் விழித்திருப்பது காலத்தின் விந்தை.

மூன்று வயல்களின் முறை

வேலியற்ற பெருவயல் முறை யாது என்பதை ஈண்டுச் சுருங்கக் காண்போம்.

ஊரின் உழுநிலம் முழுவதும் மூன்று பெருவயல்களாகப் பிரிக்கப்பட்டிருந்தது. லாக்ஸ்டனில் அவை தென்வயல், மேல்வயல், ஆலைவயல் எனப் பொருள்படும் பெயர்களால் வழங்கப்படுகின்றன. காற்றாலை நின்ற வயலே ஆலைவயல். கீழ்வயல் என நான்காவதொன்றும் முன்னர் இருந்தது. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அது மறைந்தது. ஒவ்வொரு பெருவயலும் நீண்டு குறுகிய கீற்றுகளாகப் பகுக்கப்பட்டிருக்கும். ஓர் உழவருக்கு ஒவ்வொரு வயலிலும் சில கீற்றுகள் உரியவை. கீற்றுக்கும் கீற்றுக்கும் இடையே வேலி கிடையாது, உழவுசாலே எல்லை.

முதல் ஆண்டில் ஒரு வயலில் குளிர்காலக் கோதுமை விதைப்பர். இரண்டாம் ஆண்டில் அங்கே வாற்கோதுமை, அவரை, பட்டாணி போன்ற இளவேனிற் பயிர்களை இடுவர். மூன்றாம் ஆண்டில் நிலத்தைத் தரிசாக விட்டு இளைப்பாறச் செய்வர். தரிசிலும் அறுவடைக்குப் பிந்திய தாளிலும் ஊர்க் கால்நடைகள் பொதுவில் மேயும். அவற்றின் எருவே மறு விதைப்புக்கு உரம். வேலி இல்லாமையால், ஒருவர் மட்டும் தம் விருப்பப்படி வேறு பயிர் இடவோ வேறு பருவத்தில் அறுக்கவோ இயலாது. ஒருவர் பிந்தினால் ஊர் ஆடுகள் அவர் பயிரை மேய்ந்துவிடும். எனவே ஊர் கூடித் தேரிழுப்பது போலவே அவர்கள் வேளாண்மை செய்ய வேண்டியிருந்தது.

கீற்றுகள் சிதறிக் கிடந்தமைக்கும் காரணம் உண்டு. நல்ல நிலமும் தீய நிலமும், மேட்டு நிலமும் பள்ள நிலமும் எல்லாருக்கும் கலந்து கிடைத்தன. ஒரு பக்கம் மழையால் அழுகினாலும் மறு பக்கம் மணி பிடிக்கும். கீற்றுகள் ஏன் நீண்டு கிடக்கின்றன என்பதற்கும் விளக்கம் கூறுவர். பல மாடுகள் பூட்டிய ஏரைத் திருப்புவது கடினமாதலின், திருப்பங்களைக் குறைக்க நீளமாக உழுதனர். உழவுசாலின் அந்நீளமே பிற்காலத்தில் 220 கஜம் கொண்ட ‘பர்லாங்’ ஆயிற்று. அந்நீளமும் 22 கஜ அகலமும் சேர்ந்த பரப்பே ஓர் ஏக்கர். ஓர் ஏர் ஒரு நாளில் உழத்தக்க நிலம் என்பதே அதன் பழைய கணக்கு. நம் நாட்டுத் தோட்டங்களில் இரப்பர் மரங்களையும் செம்பனையையும் அளக்கக் கையாண்ட ஏக்கர், உண்மையில் ஆங்கில உழவனின் ஒரு நாள் வியர்வையின் அளவு என்பது நினைந்து மகிழத்தக்கது.

ஒரு வணிகரும் ஒரு வரைபடமும்

லாக்ஸ்டனின் பழைய நிலையை நாம் ஐயமற அறிவதற்குக் காரணமாக இருப்பது 1635ஆம் ஆண்டில் வரையப்பட்ட ஒரு வரைபடம். அப்போது இவ்வூரின் உரிமையாளராக இருந்தவர் சர் வில்லியம் கோர்ட்டன் என்னும் லண்டன் பெருவணிகர். ஃபிளாண்டர்ஸ் நாட்டிலிருந்து சமயக் கொடுமைக்கு அஞ்சி இங்கிலாந்தில் தஞ்சம் புகுந்த குடும்பத்தின் வழித்தோன்றல் அவர். வாங்கிய நிலத்தின் மதிப்பைத் திட்டமாக அறிய விரும்பி, மார்க் பியர்ஸ் என்னும் நில அளவையாளரைக் கொண்டு ஒவ்வொரு கீற்றையும் அளப்பித்தார். ஈராயிரத்துக்கும் மேற்பட்ட கீற்றுகள் உரியவர் பெயரோடு குறிக்கப்பட்ட அவ்வரைபடம், இன்று ஆக்ஸ்போர்டின் போட்லியன் நூலகத்தில் பாதுகாக்கப்படுகிறது. உழுவோரும் அறுப்போரும் வேட்டையாடுவோருமாகச் சின்னஞ்சிறு உருவங்கள் அதில் தீட்டப்பட்டுள்ளன.

இக்கோர்ட்டனின் பெயர் நம் கடற்பகுதிக்கும் அயலானதன்று. கிழக்கிந்தியக் கம்பெனியின் தனியுரிமைக்குப் போட்டியாகக் கீழைக் கடல்களில் வணிகம் செய்ய 1635இல் முதலாம் சார்லஸ் மன்னர் உரிமை வழங்கியது இவருடைய குழுவிற்கே. அக்குழுவின் கப்பல்கள் ஜான் வெடல் தலைமையில் 1636இல் புறப்பட்டன. கோவாவையும் மேலைக் கடற்கரைத் துறைகளையும் தொட்டு, மலாக்கா நீரிணையைக் கடந்து, 1637இல் அவை மக்காவை அடைந்தன. கப்பல்கள் புறப்பட்ட அதே ஆண்டில் கோர்ட்டன் காலமானார். வணிகமோ நட்டத்தில் முடிந்தது. லாக்ஸ்டனும் கைமாறிப் பியர்பாண்ட் குடும்பத்தாரைச் சேர்ந்தது. கீழைக் கடலில் அவர் தேடிய செல்வம் கரைந்துபோயிற்று. தம் ஊரின் வரப்புகளை அளக்கச் செய்த வரைபடமே நிலைத்தது.

வேலியடைப்பின் காலம்

லாக்ஸ்டனில் கண்ட முறை இங்கிலாந்தின் ஏனைய இடங்களில் ஏன் அழிந்தது? வேலியடைப்பு என்னும் மாற்றமே அதற்குக் காரணம். சிதறிய கீற்றுகளை ஒன்றுதிரட்டி, பொதுமேய்ச்சலை ஒழித்து, ஒவ்வோர் உரிமையாளருக்கும் தனி நிலமாகப் பிரித்து வேலியிடுவதே அது. 1604 முதல் 1914 வரை பாராளுமன்றம் இதற்கென 5,200க்கும் மேற்பட்ட சட்டங்களை இயற்றிற்று. அவற்றால் அடைக்கப்பட்ட நிலம் ஏறத்தாழ 68 இலட்சம் ஏக்கர். அதாவது இங்கிலாந்தின் ஐந்தில் ஒரு பங்கினும் சற்று மிகுதி.

வேலியடைப்பால் நன்மையே விளையவில்லை எனல் பொருந்தாது. புதிய பயிர்களைச் சோதிக்கவும், நல்லினக் கால்நடைகளைத் தனியே வளர்க்கவும் அது வழிசெய்தது. ஆனால், ஒரு பசுவையும் சில வாத்துகளையும் பொதுநிலத்தில் மேய்த்துப் பிழைத்த ஏழைக் குடிசையினர்க்கு அது பேரிடியாயிற்று. உரிமைக்குப் பத்திரம் காட்ட இயலாதோர் கூலியாட்களாயினர். பலர் நகரத்து ஆலைகளை நாடிச் சென்றனர்.

இப்பேரலையில் லாக்ஸ்டன் மட்டும் தப்பியது எங்ஙனம்? ஊரார் பழமையின்பால் கொண்ட பற்றே காரணம் என்று சொல்ல நமக்கு ஆசையாக இருக்கலாம். வரலாறு அவ்வாறு கூறவில்லை. ஊரின் நிலம் இரு பிரபுக்களிடையே பிரிந்து கிடந்தது. பெரும்பகுதி பியர்பாண்ட் வழிவந்த மான்வர்ஸ் பிரபுவிடமும், ஒரு பகுதி ஸ்கார்பரோ பிரபுவிடமும் இருந்தன. நிலத்தை மாற்றிக்கொள்வது குறித்து இருவர்க்கும் நெடுங்காலம் உடன்பாடு ஏற்படவில்லை. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஒருவாறு இணக்கம் பிறந்தபோது, அமெரிக்கக் கோதுமை மலிவாக வந்திறங்கியதால் ஆங்கில வேளாண்மை நொடித்துப்போயிருந்தது. வேலியிடச் செய்யும் செலவு திரும்ப வராது என்னும் நிலை. இரு பெருமக்களின் பிணக்கும் ஒரு பொருளாதார மந்தமும் சேர்ந்தே லாக்ஸ்டனைக் காத்தன.

ஆயின், தற்செயலால் தப்பியது தற்செயலால் மட்டுமே நிலைத்துவிடாது. டெவன் கடற்கரையிலுள்ள பிரான்டன் போன்ற வேறு சில இடங்களிலும் வேலியற்ற வயல்களின் எச்சங்கள் உள்ளன. ஆனால், வயலோடு அதனைக் காக்கும் மன்றமும் சேர்ந்து வாழ்வது லாக்ஸ்டனில்தான்.

வயலைக் காக்கும் மன்றம்

அம்மன்றத்திற்குக் ‘கோர்ட் லீட்’ என்று பெயர். இடைக்காலத்தில் இங்கிலாந்தின் ஊர்தோறும் இருந்த நிலக்கிழார் நீதிமன்றங்களின் வழிவந்தது அது.

ஆண்டுதோறும் நவம்பர் மாத இறுதியில், கோதுமை விதைத்து முடிந்தபின், ஜூரி நாள் வருகிறது. உறுதிமொழி ஏற்ற ஜூரிகள் தங்கள் தலைவரோடு அவ்வாண்டு விதைத்த பெருவயலை நடந்து சுற்றி வருவர். பாதையை யாரேனும் உழுது குறுக்கியுள்ளனரா, பொதுப் புற்றரையில் ஏர் பாய்ந்துள்ளதா, நீர்க்கால் தூர்ந்து கிடக்கிறதா, அண்டைக் கீற்றுக்குள் ஒரு சால் ஏறியுள்ளதா என்று ஒவ்வோர் இடத்தையும் நோக்குவர். எல்லை ஐயத்துக்குரியதாயின், அளந்து முளைக்குச்சி அடிப்பர். பின்னர் ஊரிலுள்ள டவ்கோட் விடுதியில் கூடி உண்டு, குறைகளைப் பட்டியலிட்டு, தண்டத்தொகையை முடிவு செய்வர்.

ஒரு வாரம் கழித்து அதே விடுதியில் மன்றம் கூடும். சட்டம் பயின்ற ஸ்டூவர்டு தலைமை தாங்குவார். பெயிலிஃப் எனப்படும் ஊழியர் மன்றம் கூடியதை முறைப்படி அறிவித்து, ஊராரின் பெயர்களை அழைப்பார். வாராதவர் ஒரு சிறு காசு கட்டவேண்டும். ஜூரிகளின் முடிவுகள் உறுதிசெய்யப்படும். தவறியவர்க்குத் தண்டம் விதிக்கப்படும். வழிதப்பிய கால்நடைகளைப் பட்டியில் அடைக்கும் காவலரும் அங்கேயே நியமிக்கப்படுவார். அடுத்த ஆண்டு வேறொரு பெருவயலைப் பார்வையிடவேண்டிய புதிய ஜூரியும் அன்றே உறுதிமொழி ஏற்கும்.

விதிக்கப்படும் தண்டமோ சில பவுன்களே. அதனால் எந்த உழவரும் ஏழையாகிவிடார். ஆயினும், நேற்றுவரை தம்மோடு அமர்ந்து உண்டவர்கள், எல்லாரும் கேட்கத் தம் தவற்றைப் படித்துக் காட்டுவதைவிடப் பெரிய தண்டனை ஒரு சிற்றூரில் வேறில்லை. இன்று ஜூரியாக நடப்பவரின் கீற்றை நாளை மற்றவர் பார்வையிடுவர். ஆகவே கடுமைக்கும் ஓர் அளவு உண்டு. கண்ணோட்டத்திற்கும் ஓர் எல்லை உண்டு.

உழ இயலாத சரிவுகளிலும் ஓடையோரங்களிலும் உள்ள புற்றரைகளும் பொதுச்சொத்தே. ‘சைக்ஸ்’ என வழங்கும் அவற்றின் புல்லை ஆண்டுதோறும் கோடையில் ஏலம் விட்டு, வரும் தொகையைப் பொது மேய்ச்சலுரிமை உடையோர் பகிர்ந்துகொள்வர். பன்னெடுங்காலம் ஏர் படாமையால் அங்கே அரிய காட்டுப் பூக்கள் தழைத்துள்ளன. அறிவியற் சிறப்புடைய இடமாக அவை அரசாங்கத்தால் அறிவிக்கப்பட்டுள்ளன.

1977இல் பிரிட்டிஷ் பாராளுமன்றம் இத்தகைய பழைய மன்றங்களின் நீதி அதிகாரத்தை நீக்கியபோது, லாக்ஸ்டன் மன்றத்திற்கு மட்டும் விலக்கு அளித்தது. ஏனைய ஊர்களில் அம்மன்றங்கள் சடங்காக எஞ்சின. இங்கோ அது இன்னும் வேலை செய்கிறது.

அறிஞர் கண்ட பொதுநிலம்

1938இல் ஆக்ஸ்போர்டு வேளாண் பொருளியல் அறிஞர் சி. எஸ். ஆர்வினும் அவர் துணைவியாரும் ‘திறந்த வயல்கள்’ என்னும் பொருள்படும் நூலை வெளியிட்டு லாக்ஸ்டனை உலகறியச் செய்தனர். அதற்கு முன்னரே, 1862 முதல் 1869 வரை இந்தியாவில் வைசிராயின் ஆலோசனை அவையில் சட்ட உறுப்பினராக இருந்த சர் ஹென்றி மேய்ன், நாடு திரும்பியபின் 1871இல் வெளியிட்ட நூலில், பழைய ஆங்கிலக் கூட்டுவயல்களையும் இந்தியச் சிற்றூர்ச் சமூகங்களையும் ஒப்புநோக்கி ஆராய்ந்தார். கிழக்கின் ஊர்களைக் கண்டபின்னரே, தம் நாட்டில் மறைந்துகொண்டிருந்த ஊர்களின் பொருளை மேற்கு உணரத் தலைப்பட்டது எனல் மிகையாகாது.

பிற்காலத்தில் இப்பொருள் பெரும் வாதத்திற்கு உரியதாயிற்று. பொதுச்சொத்து எதுவாயினும் தன்னலத்தால் பாழாகியே தீரும் என்று 1968இல் காரெட் ஹார்டின் என்னும் அமெரிக்க உயிரியலார் எழுதினார். உரியவர்களே விதி வகுத்து, உரியவர்களே கண்காணித்து, தவற்றுக்கேற்ப அளவான தண்டம் விதிக்கும் இடங்களில் பொதுச்சொத்து நூற்றாண்டுகள் நிலைக்கும் என்று எலினார் ஆஸ்ட்ரம் அம்மையார் பல நாட்டுச் சான்றுகளோடு நிறுவினார். 2009இல் பொருளியல் நோபல் பரிசும் பெற்றார். அவர் வகுத்த நெறிகளை லாக்ஸ்டன் உழவர் ஏட்டில் படித்தாரல்லர். நவம்பர்க் குளிரில் நடந்தே கற்றனர்.

கைமாறிய ஊர்

இவ்வூர் வாழ்வு சிக்கலற்றது என எண்ணுதல் தவறு. பெரும்பாலான நிலம் உழவர்க்குச் சொந்தமன்று, அவர்கள் குத்தகையாளரே. மான்வர்ஸ் பிரபு, தமக்குப்பின் இம்முறை அழியலாகாது என்னும் கருத்தோடு, 1952இல் தம் நிலத்தை வேளாண்மை அமைச்சுக்கு விற்றார். 1981இல் அது அரசுரிமை நிலங்களை நிருவகிக்கும் கிரவுன் எஸ்டேட்டின் கைக்கு மாறியது. அவ்வமைப்பும் 2018இல் விற்கும் எண்ணத்தை வெளியிட்டபோது, ஊரில் கவலை சூழ்ந்தது. வாங்குபவர் நிலத்தைத் துண்டாடினால், மன்றத்திற்கு நடக்க வயல் இராதே! 2020இல் தோர்ஸ்பி எஸ்டேட் அதனை வாங்கியது. அது பழைய பியர்பாண்ட் குடும்பத்தாருடையது என்பதால், ஊர் ஒருவகையில் முன்னவர் வழியினரிடமே மீண்டது.

இன்று வேலியற்று எஞ்சியிருப்பது ஐந்நூறு ஏக்கருக்கும் குறைவான நிலமே. மாட்டு ஏர் போய்ப் பெரிய டிராக்டர்கள் வந்துவிட்டன. அவற்றுக்கேற்பக் கீற்றுகளும் அகன்றன. தரிசு கிடந்த மூன்றாம் வயலில் இப்போது புற்பயிர் வளர்க்கப்படுகிறது. சிதறிய கீற்றுகளில் உழுவதால் நேரமும் எரிபொருளும் கூடுதலாகச் செலவாகின்றன. ஆண்டுதோறும் அச்செலவை ஏற்பவர்கள், ஊரைப் பார்த்து வியந்து திரும்பும் பயணிகளல்லர். அங்கே உழும் உழவர்களே.

லாக்ஸ்டன் நமக்கு உணர்த்தும் உண்மை இதுவே. மரபு என்பது கண்ணாடிப் பேழையில் வைத்துப் பூட்டும் பொருளன்று. அதனைத் தற்செயல் காப்பாற்றலாம், சட்டம் துணைநிற்கலாம், நூல்கள் புகழ் சேர்க்கலாம். ஆனால், ஆண்டுக்கொரு முறை தம் வேலையை நிறுத்தி, குளிரென்றும் சேறென்றும் பாராமல், பிறர் வரப்பைப் பார்வையிடவும் தம் வரப்பைப் பிறர் பார்க்க விடவும் மனம் ஒப்பும் மக்கள் இல்லையேல், அது ஒரு தலைமுறைக்கு மேல் நில்லாது. மரபு பேசும் சமூகம் எதுவாயினும், ‘நம் முன்னோர் பெருமை யாது?’ எனக் கேட்பதோடு அமையாது, ‘அதற்காக இவ்வாண்டு நாம் எத்தனை அடி நடந்தோம்?’ எனவும் கேட்டுக்கொள்ளக் கடமைப்பட்டுள்ளது. நாட்டிங்காம்ஷயரின் செங்களிமண் வயலில் ஒவ்வொரு நவம்பரிலும் பதியும் காலடிகள் அக்கேள்விக்கு விடையாக அமைகின்றன.